எட்டுக் காலிப் பெட்டிகளும் உன் படமும்

குட்டியானை வண்டியில் ஊர் ஊராக ஃபிரிட்ஜ் இறக்கிய என் முருகேசண்ணாவுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை நித்யாவுக்குக் காது குத்தினோம். நல்லபடியாக நடந்தது. குழந்தை அதிகம் அழவில்லை. உன் சீரும் வந்து சேர்ந்தது. எட்டுப் பெட்டி.

நீ இப்போது சிரிப்பாய் என்று தெரியும். சிரி. ஆனால் முழுவதும் கேட்டுவிட்டுச் சிரி. நான் எட்டாவது வரை படித்தவள். கம்பெனிக்கு எழுதிய லீவு லெட்டர்தான் இதுவரை நான் எழுதியதிலேயே பெரியது. உன்னோடு படம் எடுத்த மஞ்சுதான், எழுதுங்க அக்கா, அண்ணனைத் தெரியாதவங்களும் படிக்கட்டும் என்றான். அதனால் உனக்குத் தெரிந்ததையும் சேர்த்தே எழுதுகிறேன். சலித்துக்கொள்ளாதே.

கிருஷ்ணகிரியில் ஒரு வீட்டுச் சாமான் கடைக்கு நீ டெலிவரி வண்டி ஓட்டினாய். பர்கூர், போச்சம்பள்ளி, சிங்காரப்பேட்டை என்று நீ பெட்டி இறக்காத ஊர் இந்தப் பக்கம் இல்லை. நான் போச்சம்பள்ளியில் ஷூ கம்பெனியில் மேல்தோல் தைக்கிற லைனில் இருக்கிறேன். ஒருநாள் கம்பெனி பஸ்ஸை விட்டுவிட்டு நின்றவளை உன் வண்டியில் ஏற்றிக்கொண்டு வந்தாய். வழியில் ஒரு பெரிய கடை வாசலில் வண்டியை ஓரங்கட்டிவிட்டுச் சொன்னாய்: "நீ தைக்கிற ஷூவை நீ வாங்க முடியாது. நான் தூக்கற ஃபிரிட்ஜை நான் வாங்க முடியாது. ஆனா ரெண்டு பேரும் கண்ணாடிக்கு வெளிய நின்னு பாக்கறதுக்கு எவனும் காசு கேக்க மாட்டான், பச்சி." அன்றைக்கு நான் வண்டிக்குள்ளேயே விழுந்து விழுந்து சிரித்தேன்.

நீ கொண்டுவரும் கதைகளுக்காகவே நான் உன் வண்டிச் சத்தத்தை எதிர்பார்த்திருப்பேன். குழாயில் தண்ணீரே வராத ஒரு வீட்டில் வாஷிங் மெஷினை நடு வீட்டில் வைத்து, அதற்குள் கேழ்வரகு கொட்டி மூடி வைத்திருக்கிறார்கள் என்றாய். வெள்ளிக்கிழமையானால் அதற்கு மஞ்சள் குங்குமம் வேறு. இன்னொரு வீட்டில் ரெண்டு கதவு ஃபிரிட்ஜ் வாசலில் நுழையவில்லை என்று நிலையோடு சேர்த்துச் சுவரை இடித்தார்கள். அடுத்த வருஷம் அந்தப் பக்கம் போனபோது ஃபிரிட்ஜ் உள்ளே இருந்தது, இடித்த இடத்தில் தார்ப்பாய் தொங்கியது என்று சொன்னாய்.

அந்தப் பர்கூர்க்கார அம்மா கதையை மட்டும் நீ நூறு தடவை சொல்லியிருப்பாய். டி.வி.யை இறக்கி வைத்துவிட்டுக் கிளம்பின உன்னை அந்த அம்மா கையைப் பிடித்து நிறுத்தியதாம். "இன்னும் கொஞ்ச நேரம் வண்டி வாசல்லயே நிக்கட்டும்ணா, எதிர்வீட்டு அக்கா காட்டுல இருந்து வந்துடட்டும்." நீயும் நின்றாய். காபி கொடுத்தார்கள். எதிர்வீட்டு அக்கா வந்து, பார்த்து, உள்ளே போய்க் கதவைச் சாத்திய பிறகுதான் உனக்கு விடுதலை.

இதிலிருந்துதான் உனக்குப் படம் எடுக்கிற கிறுக்குப் பிடித்தது. மஞ்சு ஓசூர்க்காரன், வீட்டில் கன்னடம் பேசுகிறவன், கல்யாணம் காதுகுத்து வீடியோ எடுத்துப் பிழைப்பவன். மாப்பிள்ளை பெண்ணை விடச் சீர் சாமான்களைத்தான் அதிக நேரம் எடுக்கச் சொல்கிறார்கள் என்று அவனும் அலுத்துப் போயிருந்தான். நீ கதை சொன்னாய், அவன் கேமரா கொண்டு வந்தான், அண்ணி நடித்தாள். பத்து நிமிஷப் படம். அதற்கு நீ வைத்த பேர் 'பெட்டி பத்திரம்.' ஒரு வீட்டில் டெலிவரி முடிந்ததும் நீங்கள் சொல்லிவிட்டு வருவீர்களே, பெட்டியைப் பத்திரமா வெச்சுக்கங்க, வாரண்டிக்கு வேணும் என்று, அதுதான்.

கதை இதுதான். ஒற்றை அறை வீட்டில் ஒருத்திக்கு ஒரு ஃபிரிட்ஜ் வருகிறது. அதன் மேல் ஒட்டியிருக்கும் பிளாஸ்டிக் தாளை அவள் உரிப்பதில்லை. பெட்டியையும் எறிவதில்லை. அடுத்து வாஷிங் மெஷின், அதற்கொரு பெட்டி. அடுத்து ஏர் கூலர், அதற்கொரு பெட்டி. கடைசியில் சாமான்களும் பெட்டிகளும் வீட்டுக்குள் ஃபேனுக்கடியில் இருக்கின்றன. புருஷனும் பெண்டாட்டியும் வெளியே வேப்பமரத்தடியில் உட்கார்ந்து, வீட்டுக்குள் இருப்பவர்கள் தூங்கட்டும், சத்தம் போடாதே என்று ஒருத்தருக்கொருத்தர் சொல்லிக்கொள்கிறார்கள். அதற்குப் பிறகு சீர் ஊர்வலம் வருகிறது. மேளத்தோடு வண்டி நிறையப் பெட்டி. அத்தனையும் காலி. யாரும் திறந்து பார்ப்பதில்லை. எல்லாரும் பெட்டியையே பார்த்து மெச்சுகிறார்கள்.

நல்ல கதை. ஆனால் இதையெல்லாம் நீ எங்கே பார்த்தாய், பர்கூரிலும் சிங்காரப்பேட்டையிலும் மட்டுமா? என் டி.வி. பெட்டி நாலு வருஷமாக என் பரண் மேல் எழுத்துத் தெரிகிற பக்கம் ஜன்னலைப் பார்த்த மாதிரி இருக்கிறதே, அது உன் கண்ணில் படாமலா இருந்தது?

உன் படத்தில் இல்லாத ஒன்றை இப்போது சொல்கிறேன். நீ உயிரோடு இருந்தபோதே சொல்லியிருக்க வேண்டும்.

என் கல்யாணம் உனக்கு நினைவிருக்கிறதா? அப்பா போய் ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. நீ அப்போது வண்டியில் க்ளீனர். நம் பக்கம் சீர் வந்தால் மைக்கில் வாசிப்பார்கள், இன்னார் வீட்டுச் சீர், இன்ன இன்ன சாமான் என்று. எனக்கு வாசித்தார்கள். ரெண்டு அண்டா, நாலு குடம், ஒரு கட்டில், ஒரு பாய். வாசித்து முடித்ததும் என் நாத்தனார் சரோஜா அக்கா பக்கத்தில் இருந்தவர்களிடம் சொன்னது என் காதில் விழுந்தது. "அவ்ளோதானா? மைக்குக்காரன் மூச்சு வாங்கறதுக்குள்ள முடிஞ்சி போச்சே." எல்லாரும் சிரித்தார்கள். நான் தாலி கட்டின கழுத்தோடு குனிந்தபடி உட்கார்ந்திருந்தேன்.

அந்தச் சிரிப்பை நான் அந்த மண்டபத்தில் விட்டுவிட்டு வரவில்லை அண்ணா. கூடவே கொண்டு வந்துவிட்டேன். அதனால்தான் நித்யாவுக்குக் காது குத்துகிற பேச்சு வந்ததும் உன்னிடம் அப்படிக் கேட்டேன். தாய்மாமன் சீர் வாசிக்கிறபோது மைக்குக்காரன் நடுவில் ஒரு வாய் தண்ணி குடிக்கணும், அவ்வளவு இருக்கணும் என்றேன். நீ சிரித்துக்கொண்டே, சரி பச்சி, தண்ணி குடிக்க வெக்கறன் என்றாய். எதை வைத்து அப்படிச் சொன்னாய்?

இப்போது அந்த நாளுக்கு வருகிறேன். அதை எழுதாமல் இந்தக் கடிதம் நகராது.

அன்றைக்கு ஞாயிறு. கம்பெனியில் கூடுதல் வேலை என்று கூப்பிட்டிருந்தார்கள். மதியம் பஸ் இறக்கிவிட்ட இடத்திலேயே பெட்டிக்கடை அக்கா பிடித்துக்கொண்டாள். "இன்னா பச்சி, எங்ககிட்ட ஒரு வார்த்த சொல்லல. உங்கண்ணன் சீர் எறக்கிட்டான். எட்டு பெட்டி, மேளத்தோட." எனக்குக் கால் தரையில் பாவவில்லை. காதுகுத்துக்கு இன்னும் தேதியே வைக்கவில்லையே, ஏன் இப்போதே கொண்டு வந்தான் என்று ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. சாப்பாட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன்.

தெருவே என் வாசலில் நின்றது. பெட்டிகளை வரிசையாக இறக்கி வைத்திருந்தாய். யாரோ ஆரத்தி சுற்றி, ஒவ்வொரு பெட்டிக்கும் குங்குமம் வைத்திருந்தார்கள். அது உன் வேலை இல்லை என்று இப்போது தெரியும். மேளச் சத்தம் கேட்டதும் நம் ஜனங்கள் தாங்களாகவே தட்டைத் தூக்கிக்கொண்டு வந்துவிட்டார்கள். நீயும் மஞ்சுவும் தடுக்கவில்லை. படத்துக்கு நன்றாக இருக்கிறது என்று எடுத்துக்கொண்டே இருந்தீர்கள். அண்ணி பட்டுப் புடவையில் நின்றாள். சீருக்காகக் கட்டியிருக்கிறாள் என்று நினைத்தேன். சரோஜா அக்காவும் கூட்டத்தில் இருந்தாள், கன்னத்தில் கை வைத்தபடி.

அவளைப் பார்த்ததும் எனக்கு என்ன தோன்றியதோ. இருப்பதிலேயே பெரிய பெட்டி, ரெண்டு கதவு ஃபிரிட்ஜ் பெட்டி, நேராக அதனிடம் போனேன். இவ்வளவு கனம் என்று அவளுக்குக் காட்ட வேண்டும். ரெண்டு கையாலும் கட்டிப் பிடித்து, பல்லைக் கடித்துக்கொண்டு அசைத்தேன். பெட்டி என் நெஞ்சு உயரத்துக்கு மேலே வந்துவிட்டது.

அதைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றேன். மேளம் நின்றது. முதல் சிரிப்பு சரோஜா அக்காவுடையது.

நீ ஓடி வந்தாய். இது படம் எடுக்கறதுக்கும்மா, மாப்ளகிட்ட சொல்லி அனுப்பிச்சனே, சொல்லலயா என்றாய். சொல்லவில்லை. உன் மாப்பிள்ளை, என் வீட்டுக்காரர், கிரானைட் பாலீஷ் பட்டறையில் இருந்து வந்த அசதியில் மறந்துவிட்டார். அது அப்போது எனக்கு எதற்கு? நான் பெட்டியைக் கீழே போட்டேன். தெரு கேட்கிற மாதிரிச் சொன்னேன்: "இனிமே இந்த வாசப்படி ஏறாத. எனக்கு அண்ணனே இல்லன்னு நெனச்சிக்கறன்."

எட்டுப் பெட்டியையும் நீயே வண்டியில் ஏற்றினாய். அப்புறம் மூன்று தடவை போன் செய்தாய். நான் எடுக்கவில்லை.

மூன்று வாரம். அதற்குள் நான் சொன்னது நடந்துவிட்டது.

உன்னோடு சுமை இறக்க வருகிற ஏழுமலைதான் வந்து சொன்னான். சிங்காரப்பேட்டையில் ஒரு வீட்டுக்கு ஃபிரிட்ஜ் இறக்கிக்கொண்டிருந்தீர்கள். நல்ல வெயில். பாதிப் படியில், ஏழுமல, கொஞ்சம் புடிச்சிக்க என்று சொன்னாயாம். தண்ணீர் கேட்டாயாம். தண்ணீர் வருவதற்குள் சாய்ந்துவிட்டாய். நான் ஏழுமலையிடம் ஒன்று கேட்டேன். அந்த வீட்டுக்காரர்கள் ஓடி வந்து முதலில் எதைப் பிடித்தார்கள், ஃபிரிட்ஜையா, எங்கண்ணனையா? அவன் பதில் சொல்லவில்லை. இன்றைக்கு வரை சொல்லவில்லை.

உன் காரியம் முடிந்த பிறகு மஞ்சு லேப்டாப்போடு வந்தான். அக்கா, படம் முடியாம நிக்குது என்றான். போட்டுக் காட்டினான். அண்ணி நடித்ததைப் பார்த்து, அழுதுகொண்டிருந்த நானே சிரித்துவிட்டேன். ஊர்வலம் வந்தது. மேளம் வந்தது. பெட்டிகள் இறங்கின. அதற்குமேல் கறுப்பாகிவிட்டது. முடிவு எங்கே என்று கேட்டேன். அவன் தயங்கித் தயங்கி இன்னொரு துண்டைத் தனியாகப் போட்டான்.

நான்தான். தெருக் கோடியில் இருந்து ஓடி வருகிறேன். அண்ணா, என் மூஞ்சியை நான் அதற்கு முன்னால் அப்படிப் பார்த்ததே இல்லை. அவ்வளவு சந்தோஷம் எனக்கு வருமா? கல்யாண போட்டோவில்கூட இல்லையே. அந்தச் சந்தோஷத்தோடு போய்ப் பெட்டியைத் தூக்குகிறேன். தூக்கியதும் ஒன்றும் புரியாமல் கையைப் பார்க்கிறேன், பெட்டியைப் பார்க்கிறேன், உன்னைப் பார்க்கிறேன். அவ்வளவுதான். கத்தினது அதில் இல்லை. அதற்குள் மஞ்சு கேமராவை அணைத்துவிட்டான்.

நீ இதை அவன் ஸ்டுடியோவில் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தாயாம். எல்லாரும் இதுதான் முடிவு, இதைவிட நல்ல முடிவு கிடைக்காது என்றார்களாம். நீ சொன்னதை மஞ்சு அப்படியே சொன்னான்: "இத வெச்சா படம் ஜெயிக்கும். என் தங்கச்சி தோத்துடுவா. அவளா வந்து வைன்னு சொன்னா வை. இல்லன்னா படமே வேணாம், அழிச்சிடு."

என்னை வைத்து ஊரைச் சிரிக்க வைத்துவிட்டாய் என்று மூன்று வாரம் உன்னைத் திட்டிக்கொண்டிருந்தேன். நீ அந்த மூன்று வாரமும் என்னை மறைத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாயா?

ஒரு வாரம் யோசித்தேன். உன் மாப்பிள்ளையைக் கேட்டேன். அவர் குற்ற உணர்ச்சியில், உன் மூஞ்சி, உன் இஷ்டம் என்றார். லைனில் உட்கார்ந்து தைக்கிறபோதும் அதே நினைப்பு. எங்கள் கம்பெனியில் கடைசியில் ஷூவுக்குள் காகிதம் திணித்துத்தான் பெட்டியில் வைப்பார்கள். கால் இருக்கிற மாதிரி நிற்க வேண்டும் அது. பன்னிரண்டு வருஷமாகப் பார்க்கிறேன், அன்றைக்குத்தான் அதைப் பார்த்துச் சிரிப்பு வந்தது. நானும் அப்படித்தானே நின்றேன், உள்ளே காகிதத்தோடு. சரி, நின்றேன். அதை நான் ஏன் மறைக்க வேண்டும்? மறைத்தால் சரோஜா அக்கா சிரித்தது மட்டும்தானே மிச்சம்?

மஞ்சுவுக்குப் போன் செய்தேன். வை என்றேன். ஆனால் ஒரு நிபந்தனை. என் மூஞ்சி மட்டும் இருந்தால் போதாது. நான் பேசணும். எங்கண்ணன் பார்த்ததைப் படமாக எடுத்துவிட்டீர்கள், நான் ஏன் ஆசைப்பட்டேன் என்று ஒருத்தரும் கேட்கவில்லை. அதை நான் சொல்கிறேன்.

அவன் உடனே வந்தான். உன் வீட்டில், அந்த எட்டுப் பெட்டிகளுக்கு நடுவில் உட்கார வைத்துக் குரலைப் பதிவு செய்தான். ஒவ்வொரு தடவையும் அவன் பழக்கப்படி 'ஒந்து, எரடு, மூரு' என்று எண்ணுவான், நான் பேச வேண்டும். முதல் தடவை பள்ளிக்கூடத்தில் செய்யுள் ஒப்பிக்கிற மாதிரி வந்தது. ரெண்டாவது தடவை அழுகை வந்தது. அண்ணி அடுப்படியில் இருந்து எட்டிப் பார்த்து, அவர எப்பவும் திட்டுவியே பச்சி, அந்த மாதிரி பேசு என்றாள். அப்புறம் ஒரே மூச்சில் வந்துவிட்டது.

காதுகுத்தைப் பர்கூரில் ஒரு மண்டபத்தில் வைத்தோம். இப்போதெல்லாம் மண்டபத்திலேயே பெரிய எல்.இ.டி. திரை வைத்துவிடுகிறார்கள். மேடையில் நடப்பதைத் திரையில் பார்ப்பார்கள், மேடையைப் பார்க்க மாட்டார்கள். அந்தத் திரை மஞ்சுவுடையது. எனக்கு அது போதும்.

காலையில் முதல் சிக்கல் மடி. காது குத்துகிறபோது பிள்ளை தாய்மாமன் மடியில் உட்கார வேண்டும். நீ இல்லை. ஒன்றுவிட்ட அண்ணன் யாரையாவது உட்கார வை என்றார்கள். நான் அண்ணியைக் கூப்பிட்டேன். அவள் வர மாட்டேன் என்று தூணோரம் நின்றாள். சரோஜா அக்கா என் காதோரம் வந்து, தாலி இல்லாதவ மடியிலயா, நல்லா யோசிச்சிக்க என்றாள். நான் மெதுவாகச் சொல்லவில்லை. "மடி எங்கண்ணனுது. அவன் இல்லாத எடத்துல எங்கண்ணி மடிதான் அவன் மடி. வேற மடி எனக்குத் தெரியாதுக்கா." நித்யா யாரையும் கேட்காமல் போய் அண்ணி மடியில் ஏறி உட்கார்ந்துவிட்டாள். குத்துகிறபோது அண்ணிதான் கண்ணை மூடிக்கொண்டாள்.

அடுத்தது சீர். மைக்குக்காரர் வயசானவர். என் கல்யாணத்துக்கு வாசித்தவரேதான் என்று அண்ணி சொல்கிறாள், எனக்கு நினைவில்லை. நான் எழுதிக் கொடுத்த தாளை வாங்கிப் பார்த்தார். என்னைப் பார்த்தார். இப்படியேவா வாசிக்கணும் என்று கேட்டார். இப்படியேதான் என்றேன்.

"தாய்மாமன் முருகேசன் சீர்," என்று ஆரம்பித்தார். மண்டபம் அமைதியாகிவிட்டது. "ரெண்டு கதவு ஃபிரிட்ஜ் பெட்டி ஒண்ணு. காலி." யாருக்கும் புரியவில்லை. "வாஷிங் மெஷின் பெட்டி ஒண்ணு. காலி." ஏழுமலையும் உன் மாப்பிள்ளையும் ஒவ்வொரு பெட்டியாக மேடைக்குத் தூக்கி வந்தார்கள். அன்றைக்கு வைத்த குங்குமம் அப்படியே இருந்தது. "நாப்பத்தி மூணு இஞ்ச் டி.வி. பெட்டி ஒண்ணு. அதுவும் காலி." பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நாலாவது பெட்டிக்கு மண்டபமே சிரித்தது. அஞ்சாவது பெட்டி வாசிக்கிறபோது மைக்குக்காரருக்கே சிரிப்பு வந்து, புரை ஏறி, மைக்கை வைத்துவிட்டுத் தண்ணீர் கேட்டார்.

குடித்தார் அண்ணா. ஒரு சொம்பு முழுக்கக் குடித்தார். மீதி மூன்று பெட்டியை அதற்கப்புறம்தான் வாசித்தார்.

சொன்னபடி செய்துவிட்டாய்.

பிறகு திரையில் உன் படத்தைப் போட்டான் மஞ்சு. அண்ணி, வந்தவர்களிடம் காலி ஃபிரிட்ஜைத் திறந்து திறந்து காட்டுகிற இடத்தில் பெண்கள் பக்கம் ஒரே கூத்து. ஒருத்தி இன்னொருத்தியைக் கிள்ளி, அது நீதான் என்கிறாள். அவள் இவளைச் சொல்கிறாள். வேப்பமரத்தடியில் புருஷனும் பெண்டாட்டியும் உட்காருகிற இடத்தில் ஆம்பளைகள் கை தட்டினார்கள். அப்புறம் நான் ஓடி வந்தேன். பெட்டியைத் தூக்கினேன். சிரிக்க வாயெடுத்தவர்கள் பாதியில் நிறுத்திவிட்டார்கள், ஏனென்றால் என் குரல் வந்துவிட்டது.

அது இதுதான்: "பெட்டி காலின்னு தூக்கன பிறகுதான் எனக்குத் தெரிஞ்சிது. ஆனா பெட்டி வேணும்னு எனக்கு எப்ப தோணுச்சி தெரியுமா? என் கல்யாணத்துல என் சீர மைக்குல வாசிச்சப்ப சிரிச்சாங்களே, அப்ப. சிரிச்சவங்க எல்லாரும் நல்லவங்கதான். அவங்க சீர வாசிச்சப்பவும் யாராவது சிரிச்சிருப்பாங்க. அண்ணா, நீ பெட்டிய பாத்து சிரிச்ச. பெட்டிக்குள்ள இருந்த என்னைய பாக்கல. இப்ப பாரு."

அத்தோடு படம் முடிகிறது. உன்னைக் குறை சொல்லிவிட்டேன் என்று கோபமா? இருக்காது. நீ இருந்திருந்தால், கை தட்டின முதல் ஆள் நீதான். அன்றைக்கு முதலில் தட்டியது அண்ணி.

சரோஜா அக்காவைப் பார்க்கணும் என்று எனக்கு ஆசை இருந்தது, மறைக்க மாட்டேன். அவள் தலையைக் குனிந்து இலையையே பார்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். பாவமாக இருந்தது. அவளுக்கும் ஒரு மைக்கு, ஒரு மண்டபம், ஒரு சிரிப்பு எங்கேயோ இருக்கும்தானே?

கை கழுவுகிற இடத்தில் என்னைத் தனியாகப் பிடித்தாள். மன்னிப்புக் கேட்கப் போகிறாள், நான் என்ன சொல்வது என்று மனசுக்குள் தயார் செய்துகொண்டேன். சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு மெதுவாகக் கேட்டாள்: "ஏம் பச்சி, அந்த பெட்டிங்கள என்னா பண்ணப் போறீங்க? தை மாசம் எம் மக ராணியோட பொண்ணுக்குக் காது குத்தறோம். மேடையில வெச்சா எடுப்பா இருக்குது. ஒரு நாளைக்கு குடுத்தினா பத்திரமா திருப்பிக் குடுத்துடறன்."

இதற்கு என்ன சொல்வாய்? நீ எடுத்த படத்தைப் பார்த்துவிட்டு அதில் இருந்த பெட்டியைக் கேட்கிறாள். அவள் மட்டுமில்லை. மஞ்சுவிடம் இன்னும் ரெண்டு பேர், இந்த மாதிரிப் பெட்டி வாடகைக்குக் கிடைக்குமா என்று விசாரித்தார்களாம். அவன் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டான். நான் அந்தக் குழாயடியிலேயே நின்று சிரித்தேன். நீ போனதற்குப் பிறகு கண்ணில் தண்ணீர் வர வரச் சிரித்தது அன்றைக்குத்தான். சரோஜா அக்காவும் என்ன ஏது என்று தெரியாமல் கூடச் சேர்ந்து சிரித்தாள்.

சிரித்து முடித்துவிட்டுச் சொன்னேன்: "தரன்கா. ஆனா பெட்டி தனியா வராது. படமும் கூட வரும். மொதல்ல படம் போடணும், அப்புறம் மைக்குல காலின்னு வாசிக்கணும், அப்புறம்தான் பெட்டி மேடைக்கு வரும்." அவள் கொஞ்ச நேரம் யோசித்தாள். படத்துல உன் பேச்சு வருதே, அதுவுமா என்றாள். அதுவும்தான் என்றேன். மறுபடி யோசித்தாள். பிறகு, சரி வா, சனங்க சிரிக்கட்டும், நல்லாத்தான் இருந்திச்சி என்றாள்.

நான் ஒன்றும் சாமியாராகிவிடவில்லை, பயப்படாதே. தீபாவளிக்கு மிக்ஸி மாற்றத்தான் போகிறேன், பழையது புகை விடுகிறது. ஆனால் டி.வி. மேல் இருந்த பிளாஸ்டிக் தாளை நித்யாவை விட்டு உரிக்கச் சொன்னேன். சர்ரென்று சத்தம் வர உரித்துவிட்டு, இன்னும் இருக்குதா என்று வீடெல்லாம் தேடுகிறாள். பரண் மேல் இருந்த பெட்டியை இறக்கி உன் எட்டோடு சேர்த்துவிட்டேன். இப்போது ஒன்பது.

உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். உன் குட்டியானையை அண்ணி விற்கவில்லை, ஏழுமலை ஓட்டுகிறான். தை மாசம் ராணி வீட்டு மண்டபம். அதற்கு அடுத்து எவர் கேட்டாலும் அவர்கள் ஊர். லீவு நாளில் நானும் மஞ்சுவும் திரையை எடுத்துக்கொண்டு கூடவே போவோம். சிங்காரப்பேட்டையில் நீ சாய்ந்த அந்தப் படி இருக்கிற தெருவிலும் ஒருநாள் போடுவோம். அந்த வீட்டுக்காரர்களிடம் எதுவும் கேட்க மாட்டேன். படத்தைப் பார்க்கட்டும், போதும்.

உனக்கு அண்ணன் இல்லையா என்று யாராவது கேட்டால், இருக்கிறான், வண்டியில் வருகிறான் என்று சொல்லப் போகிறேன். அன்றைக்குத் தெருவில் சொன்னதை இப்படித்தான் திருப்பி எடுத்துக்கொள்ள முடியும். பெட்டிகளை வண்டியில் ஏற்றுகிறபோது ஏழுமலையைத் தொட விடமாட்டேன். அந்த ரெண்டு கதவு ஃபிரிட்ஜ் பெட்டியை நானே தூக்குவேன், ஒரே கையால். தெரு பார்க்கட்டும்.

உன் வாசப்படியில் என்றைக்கும் உரிமையுள்ள தங்கச்சி,
நித்யாவின் அம்மா,
பச்சையம்மாள்